தேர்வுத் தேதி அறிவித்த பிறகு வந்த மனுக்கள்: ஆசிரியர் பயிற்சி நிறுவன அங்கீகார வழக்குகள் பற்றி ஒரு நிகழ்வு ஆய்வு

1993இல் உச்ச நீதிமன்றம் முடித்துவைத்த ஒரு மதுரை வழக்கில், சிறுபான்மையினர் உரிமை, அரசியலமைப்புச் சட்டத்தின் 30ஆம் பிரிவு, கல்வித் தரம் என்ற பெரிய பேச்சுகளுக்கு நடுவே மிகச் சாதாரணமான ஒரு கவனிப்பு வருகிறது. அங்கீகாரம் கேட்டு ஆசிரியர் பயிற்சி நிறுவனங்கள் போடும் ரிட் மனுக்கள், அதாவது அரசுக்கு உத்தரவிடக் கோரும் மனுக்கள், எப்போது தாக்கலாகின்றன என்று நீதிபதிகள் தேதியைப் பார்த்திருக்கிறார்கள். தேர்வுத் தேதி அறிவிக்கப்பட்ட பிறகுதான் வருகின்றன. எங்கள் நிறுவனத்துக்கு அங்கீகாரம் தர உத்தரவிட வேண்டும் என்பது மனுவின் முதல் கோரிக்கை. அதுவரை எங்கள் மாணவர்களைத் தேர்வு எழுத அனுமதிக்க வேண்டும் என்பது இரண்டாவது. முதல் கோரிக்கை இறுதி விசாரணைக்கு வர ஆண்டுகள் ஆகும். இரண்டாவதுக்கு இருப்பதோ சில நாட்கள். எனவே இடைக்கால உத்தரவு கேட்கப்படும். பல நேரம் கிடைக்கவும் செய்யும். மாணவர்கள் தேர்வு எழுதிவிட்டால் அப்புறம் முதல் கோரிக்கையைப் பற்றி யாருக்குக் கவலை? இது தற்செயலாக நடப்பதில்லை, ஓர் உத்தி என்றே அந்தத் தீர்ப்பு எழுதியது.

ஆசிரியர் பயிற்சி நிறுவனங்களின் அங்கீகாரம் பற்றி 1980களிலிருந்து வந்த தீர்ப்புகளை வரிசையாக வைத்துப் படித்தால், மத்திய அரசா மாநில அரசா, தேசிய ஆசிரியர் கல்விக் கவுன்சிலா பல்கலைக்கழகமா என்ற அதிகாரப் போட்டிதான் முதலில் கண்ணில் படும். சட்ட மாணவர்கள் மனப்பாடம் செய்வதும் அதைத்தான். ஆனால் ஒவ்வொரு வழக்கிலும் நடந்தவற்றைத் தேதி வாரியாக எழுதிப் பார்த்தால் வேறொரு கதை தெரிகிறது. அங்கீகார ஆணை முதலில் வந்ததா, மாணவர் சேர்க்கை முதலில் நடந்ததா? பெரும்பாலான வழக்குகளின் விதி இந்த ஒரு கேள்வியில்தான் முடிவாகியிருக்கிறது.

அவசரத்தின் ஊற்று

தமிழ்நாட்டில் ஒரு தலைமுறைக்கு இடைநிலை ஆசிரியர் பயிற்சி என்பது பிளஸ் டூவுக்குப் பிந்தைய இரண்டு ஆண்டுப் படிப்பு என்பதைவிட, அரசு வேலைக்கான வரிசையில் போட்டுவைக்கும் துண்டு. பயிற்சி முடித்து, சான்றிதழ் வாங்கி, வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்துவிட்டால் பதிவு மூப்பு ஓடத் தொடங்கும். ஆசிரியர் தகுதித் தேர்வு வரும் வரை, இடைநிலை ஆசிரியர் நியமனத்தில் பதிவு மூப்புக்கே பெருமதிப்பு. அப்படியென்றால் ஓராண்டு தேர்வு எழுத முடியாமல் போவது வெறும் ஓராண்டு நஷ்டம் இல்லை. அந்த ஆண்டு பயிற்சி முடித்துப் பதிந்த அத்தனை பேருக்கும் பின்னால் போய் நிற்க வேண்டும், அதுவும் வேலை கிடைக்கும் வரைக்கும்.

இந்தக் கணக்கு தெரியாமல் அந்தக் காலத்து வழக்குகளின் சூட்டைப் புரிந்துகொள்ள முடியாது. நிலத்தை அடமானம் வைத்து மகளைப் பயிற்சியில் சேர்த்த தகப்பனுக்கு அங்கீகாரம், இணைவு, விதி எண் எதுவும் தெரியாது. பெயர்ப்பலகையில் ‘ஆசிரியர் பயிற்சி நிறுவனம்’ என்று இருந்தது, வகுப்பு நடந்தது, கட்டணத்துக்கு ரசீது கொடுத்தார்கள். அங்கீகாரத்துக்கு விண்ணப்பித்திருக்கிறோம், வந்துவிடும் என்று நிர்வாகம் சொன்னது. நீதிமன்றத்தில் இந்தத் தகப்பனின் முகம்தான் நிறுவனத்தின் கேடயமாக நின்றது.

மூன்று தீர்ப்புகள், ஒரே பதில்

1986இல் ஆந்திரத்திலிருந்து வந்த நாகேஸ்வரம்மா வழக்கு முதல் மைல்கல். அனுமதி பெறாத தனியார் ஆசிரியர் பயிற்சி நிறுவனங்களின் மாணவர்கள் அரசுத் தேர்வு எழுத அனுமதி கேட்டார்கள். நீதிபதி சின்னப்ப ரெட்டி அமர்வு மறுத்தது. தேர்வில் தேறுவது மட்டும் போதாது, முறையாக அமைந்த, வசதிகள் உள்ள நிறுவனத்தில் குறிப்பிட்ட காலம் பயிற்சி பெற்றிருக்க வேண்டும் என்பதே மறுப்பின் சாரம். சரியான பயிற்சி இல்லாதவர்களை ஒன்றும் அறியாத பிள்ளைகள் மேல் அவிழ்த்துவிட முடியாது என்றும் தீர்ப்பு சொல்கிறது. அனுமதி தந்தால் அங்கீகாரமில்லாத நிறுவனங்களை நாமே வளர்த்ததாகும், ரிட் அதிகாரத்தை இப்படி வீணாக்கக் கூடாது என்றும் எச்சரித்தது. எதிர்காலத்தில் ஒரு வகுப்பறையில் உட்காரப்போகும் குழந்தையை வழக்கின் மூன்றாவது தரப்பாக உள்ளே அழைத்துவந்தது இந்தத் தீர்ப்பின் சிறப்பு. மனுவில் அந்தக் குழந்தையின் பெயர் இல்லை. ஆனால் அதன் பிறகு வந்த தீர்ப்புகளில் அது தொடர்ந்து வருகிறது.

அடுத்தது 1991இன் தமிழ்நாடு அரசு எதிர் செயின்ட் ஜோசப் ஆசிரியர் பயிற்சி நிறுவனம். மூன்றில் என்னை அதிகம் யோசிக்க வைப்பது இதுதான். ஏனென்றால் இங்கே சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு சட்டத்தைத் தவறாகப் படிக்கவில்லை. அங்கீகாரமில்லாத நிறுவனத்தின் மாணவர்களுக்குத் தேர்வு எழுத உரிமை இல்லை என்பதையும், நாகேஸ்வரம்மா தீர்ப்பையும் அறிந்தே இருந்தது. நிறுவனங்களின் மனுக்களை ஏற்கவும் இல்லை. எல்லாவற்றையும் சரியாகச் சொல்லிவிட்டு, கடைசியில் மனிதாபிமான அடிப்படையில் மாணவர்கள் தேர்வு எழுதலாம் என்று ஒரு வழி விட்டது. நம்மில் பலரும் அந்த நாற்காலியில் உட்கார்ந்திருந்தால் அதையே செய்திருப்போம். அரசு மேல்முறையீட்டுக்குப் போனது. சட்டத்துக்கு முரணாக மனிதாபிமான நிவாரணம் வழங்க நீதிமன்றங்களுக்கு அதிகாரமில்லை என்று உச்ச நீதிமன்றம் கூறியது. முதலில் மாணவர்களைச் சேர்த்துக்கொள்வது, பிறகு அவர்களைக் காட்டித் தேர்வுக்கு அனுமதி கேட்பது என்ற பழக்கத்தையே அது கண்டித்தது.

கடுமையான தீர்ப்புதான். ஆனால் எதிர்ப்பக்கம் யோசித்துப் பார்க்க வேண்டும். மனிதாபிமானம் ஒருமுறை கிடைக்கும் என்று தெரிந்தால் அடுத்த ஆண்டு அது நிர்வாகத்தின் வணிகத் திட்டத்தில் ஓர் இனமாகிவிடும். போன ஆண்டு பிள்ளைகளும் கோர்ட் உத்தரவில்தான் எழுதினார்கள், பயப்படாதீர்கள் என்று புதிதாகச் சேர வருகிறவரிடம் சொல்ல முடியும்.

சொல்லவும் செய்தார்கள் என்பதற்கு 1993இன் மதுரை வழக்கே சாட்சி. செயின்ட் ஜான்ஸ் மகளிர் ஆசிரியர் பயிற்சி நிறுவனம் எதிர் தமிழ்நாடு அரசு என்ற அந்த வழக்கில் சிறுபான்மை நிறுவனங்கள் 30ஆம் பிரிவை முன்வைத்தன. தமிழ்நாடு சிறுபான்மைப் பள்ளிகள் (அங்கீகாரம் மற்றும் மானியம் வழங்கல்) விதிகள், 1977 என்று தனி விதிகளே இருந்த காலம் அது. கல்வி நிறுவனம் தொடங்கும் உரிமை சிறுபான்மையினருக்கு உண்டு. ஆனால் அங்கீகாரம் கேட்டு வந்தால் கட்டடம், ஆசிரியர், தரம் பற்றிய நிபந்தனைகள் அவர்களுக்கும் பொருந்தும் என்பது பதில். இதில் புதுமை ஒன்றுமில்லை. புதுமை அதற்கு அடுத்த பகுதியில்தான். தேர்வு நெருங்கும்போது மனு வரும் வழக்கத்தைச் சுட்டிக்காட்டிய நீதிமன்றம், இப்படிக் கடைசி நேரத்தில் வருகிறவர்களிடம் இடைக்கால உத்தரவில் தாராளம் காட்ட ஒரு காரணமும் இல்லை என்றது. இவற்றில் பலவும் முகமூடி போட்ட பேய்கள், வியாபாரமாகத் தொடங்கப்பட்டவை என்ற பொருளில் மிகக் காட்டமாக எழுதியது. அமைப்பாளர்களின் திட்டம் தெரியாமலேயே மாணவர்கள் பலியாகிறார்கள் என்றும் சொன்னது.

ஏழே ஆண்டுகளில் மூன்று முறை ஒரே பதிலை உச்ச நீதிமன்றம் சொல்ல வேண்டி வந்தது. தீர்ப்பு போதவில்லை என்பதற்கு வேறு என்ன அத்தாட்சி வேண்டும்?

1993இன் சட்டம் சொன்னது

அதே 1993ஆம் ஆண்டு டிசம்பரில் தேசிய ஆசிரியர் கல்விக் கவுன்சில் சட்டம் ஒப்புதல் பெற்றது. 1995 ஜூலை 1இல் நடைமுறைக்கு வந்தது. அதுவரை ஆலோசனை சொல்லும் அமைப்பாக மட்டும் இருந்த கவுன்சிலுக்கு, எந்த நிறுவனம் ஆசிரியர் பயிற்சி தரலாம் என்று தீர்மானிக்கும் அதிகாரம் வந்தது. கிழக்கு, மேற்கு, வடக்கு, தெற்கு என நான்கு மண்டலக் குழுக்கள். நம் ஊர்க் கல்லூரிகளின் கோப்புகள் பல காலம் பெங்களூருக்குப் போய்வந்தன. இப்போது நான்கு குழுக்களும் டெல்லியில்.

சட்டத்தில் வழக்குகளுக்குத் தேவையான பிரிவுகள் சில மட்டுமே. 14ஆவது பிரிவின்படி மண்டலக் குழு அங்கீகாரம் தரும், அல்லது விளக்கம் சொல்ல வாய்ப்பளித்த பிறகு மறுக்கும். அங்கீகார ஆணை வந்ததும் தேர்வு நடத்தும் அமைப்பு இணைவு (தன் தேர்வுக்கு மாணவரை அனுப்பும் நிறுவனமாகச் சேர்த்துக்கொள்வது) வழங்க வேண்டும் என்று 14(6) சொல்கிறது. புதிய படிப்புக்கும் கூடுதல் இடங்களுக்கும் 15. அங்கீகாரம் இல்லாமல் எந்தப் பல்கலைக்கழகமும் இணைவு தரவோ தேர்வு நடத்தவோ கூடாது என்பது 16. விதிமீறினால் அங்கீகாரத்தைத் திரும்பப் பெறுவது 17. பாதிக்கப்பட்டவர் கவுன்சிலிடம் மேல்முறையீடு செய்வது 18.

இவற்றில் நிறுவனங்களும் மாணவர்களும் அடிக்கடி குழப்பிக்கொள்ளும் ஓர் இடம் உண்டு. அங்கீகாரம் ரத்தாவது வேறு, அங்கீகாரமே இல்லாதிருப்பது வேறு. 17ஆவது பிரிவின்படி அங்கீகாரம் திரும்பப் பெறப்பட்டால், ஆணை கிடைத்த தேதிக்கு அடுத்து வரும் கல்வியாண்டின் முடிவிலிருந்துதான் அது செயலுக்கு வரும். ஏற்கெனவே படித்துக்கொண்டிருக்கும் மாணவருக்கு மூச்சுவிட இடம் இருக்கிறது. சேர்ந்த நாளில் அங்கீகாரமே இல்லாத நிறுவனத்தில் படித்தவருக்கு அப்படி எந்த அவகாசமும் சட்டத்தில் இல்லை. பத்திரிகையில் ‘கல்லூரி அங்கீகாரம் ரத்து’ என்று தலைப்பு வந்ததும் பதறும் பெற்றோர் முதலில் பார்க்க வேண்டியது, பிள்ளை சேர்ந்த தேதியில் ஆணை இருந்ததா என்பதைத்தான்.

சாவி யாரிடம்?

சட்டம் வந்ததும் சண்டை இடம் மாறியது. முன்பு நிறுவனமும் மாநில அரசும் மோதின. இப்போது கவுன்சிலும் மாநில அரசும் மோத, நிறுவனம் நடுவில் நின்றது.

கவுன்சிலின் தொடக்ககால விதிமுறைகள், விண்ணப்பத்துடன் மாநில அரசின் தடையில்லாச் சான்றையும் கேட்டன. என்.ஓ.சி. வாங்கிவிட்டீர்களா என்பதுதான் அந்தக் காலத்தில் கல்லூரி தொடங்க நினைத்தவர்களிடம் எல்லோரும் கேட்ட முதல் கேள்வி. மத்தியச் சட்டத்தின் கீழ் இயங்கும் அமைப்பு, விதிமுறை மூலம் மாநிலத்திடம் வீட்டோவைக் கொடுக்க முடியுமா? 2003 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் இதற்குச் சொன்ன பதில் நடுவழிப் பதில். இந்த வழக்கிலும் மனுதாரரின் பெயர் செயின்ட் ஜான்ஸ். மதுரை நிறுவனத்தோடு போட்டுக் குழப்பிக்கொள்ளாதவர் சட்டக் கல்லூரியில் குறைவு. ஒரு மாவட்டத்தில் பயிற்சி முடித்து வேலையில்லாமல் எத்தனை பேர் இருக்கிறார்கள், இன்னொரு நிறுவனம் தேவையா என்பது மாநிலத்துக்குத் தெரியும், மண்டலக் குழுவுக்குத் தெரிய வாய்ப்பில்லை. எனவே சான்று கேட்பது செல்லும். ஆனால் இறுதி முடிவு மண்டலக் குழுவுடையது.

2006 மார்ச் 31இல் வந்த சந்த் ஞானேஷ்வர் தீர்ப்பு அந்த நடுவழியின் ஒரு பக்கத்தை அழுத்தமாகக் கோடிட்டது. மகாராஷ்டிர அரசு, பயிற்சி பெற்றவர்கள் ஏற்கெனவே தேவைக்கு மேல் இருக்கிறார்கள், புதிய பி.எட். கல்லூரிகள் வேண்டாம் என்று கொள்கை முடிவு எடுத்திருந்தது. கவுன்சில் அங்கீகாரம் தந்தும் கல்லூரி திறக்க முடியவில்லை. உயர்கல்வித் தரத்தை நிர்ணயிப்பது மத்தியப் பட்டியலின் 66ஆவது இனம்; அந்தக் களத்தை நாடாளுமன்றம் சட்டம் போட்டு நிரப்பிவிட்டது; கவுன்சில் அங்கீகரித்த பிறகு மாநிலம் கொள்கை என்ற பெயரில் குறுக்கே நிற்க முடியாது என்று நீதிபதி சி.கே. தக்கர் எழுதிய தீர்ப்பு கூறியது. மகாராஷ்டிரப் பல்கலைக்கழகச் சட்டம், 1994இல் மாநில அனுமதி பற்றிய பிரிவுகள் இருந்தும் பயனில்லை. இதற்கு அடித்தளமாக எடுத்துக்கொள்ளப்பட்ட முன்தீர்ப்புகளில் ஒன்று நம்முடையது: ஓசூர் அதியமான் பொறியியல் கல்லூரி தொடர்பாகத் தமிழ்நாடு அரசு 1995இல் தோற்ற வழக்கு.

சட்டமாக இதில் குறை சொல்ல எனக்கு ஒன்றுமில்லை. 1976இன் 42ஆவது திருத்தத்தில் கல்வியை, மத்திய அரசும் மாநில அரசும் சட்டம் போடக்கூடிய பொதுப்பட்டியலுக்குக் கொண்டுபோன நாட்டில் இப்படித்தான் முடிவு வரும். ஆனால் சாவி முழுவதையும் ஒருவர் கையில் கொடுத்தால் அந்தக் கை சுத்தமாக இருக்க வேண்டும். அடுத்த கட்டத்தைப் பாருங்கள். அதே மகாராஷ்டிரத்தில், 2008இல், மேற்கு மண்டலக் குழு 291 டி.எட். (ஆசிரியர் பட்டயப் படிப்பு) நிறுவனங்களுக்கு அங்கீகாரம் வழங்கியது. ஒரே மாநிலம், 291 நிறுவனங்கள். பொதுநல வழக்காக அது பம்பாய் உயர் நீதிமன்றத்தின் நாக்பூர் அமர்வுக்குப் போய், அங்கிருந்து உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. 2011இல் உச்ச நீதிமன்றம் முன்னாள் தலைமை நீதிபதி ஜே.எஸ். வர்மா தலைமையில் ஓர் ஆணையம் அமைத்தது; 2012 ஆகஸ்ட்டில் அறிக்கை வந்தது. அந்த ஆணையத்தை மேற்கோள் காட்டி 2020இன் தேசியக் கல்விக் கொள்கை எழுதியிருப்பதை ஒருவர் நிதானமாகப் படிக்க வேண்டும்: தனித்தியங்கும் ஆசிரியர் கல்வி நிறுவனங்கள் 10,000க்கும் மேல், அவற்றில் பெரும்பான்மை அக்கறையோடு பயிற்சி தர முயல்வதுகூட இல்லை, விலைக்குப் பட்டம் விற்கின்றன என்பது அதன் சாரம். அவற்றுக்கெல்லாம் அங்கீகாரம் இருந்தது. பரிசோதித்து, ஆணை எழுதி, அரசிதழில் வெளியிட்டுத் தந்த அங்கீகாரம்.

1986இல் நீதிபதிகள் கவலைப்பட்டது அங்கீகாரம் இல்லாத நிறுவனத்தைப் பற்றி. கால் நூற்றாண்டுக்குப் பிறகு அங்கீகாரம் பெற்ற நிறுவனத்தைப் பற்றியே அதே கவலையைப் பட வேண்டியதாயிற்று.

அங்கீகாரம் வந்தும் இணைவு வராத கல்லூரி

அங்கீகார ஆணையைக் கையில் வைத்துக்கொண்டு பல்கலைக்கழக வாசலில் நிற்கும் கல்லூரிகளின் வழக்குகள் தனி ரகம். தமிழ்நாட்டில் பி.எட். கல்லூரிகளுக்கு இணைவு தருவது 2008இல் தொடங்கிய தமிழ்நாடு ஆசிரியர் கல்வியியல் பல்கலைக்கழகம். பட்டயப் படிப்புக்குத் தேர்வு நடத்துவது அரசுத் தேர்வுகள் இயக்ககம். கவுன்சில் சொல்லிவிட்டால் இவர்கள் வெறும் முத்திரை குத்த வேண்டியவர்களா?

2011இல் ஹிமாச்சலப் பிரதேசத்திலிருந்து வந்த பாரதிய எஜுகேஷன் சொசைட்டி வழக்கில் நீதிபதி ரவீந்திரன் இதைத் தெளிவாகப் பிரித்துக் காட்டினார். பயிற்சி தருவதற்கான தகுதி அங்கீகாரம். மாணவரைத் தேர்வுக்கு அனுப்புவதற்கான உறவு இணைவு. கட்டடம், ஆசிரியர், நிதி என்று கவுன்சில் ஏற்கெனவே பார்த்துவிட்ட காரணங்களைத் திரும்பக் கிளறி இணைவை மறுக்க முடியாது. ஆனால் மாணவர் எப்படிச் சேர்க்கப்பட்டார், அவருக்குக் குறைந்தபட்சத் தகுதி உண்டா என்பவை தேர்வு நடத்துபவரின் வேலை. 14(6)ஐக் காட்டி அதைத் தட்டிக்கழிக்க முடியாது. நடைமுறையில் மிகவும் பயன்பட்ட பிரிப்பு இது.

மார்ச் 3, மே 10

இவ்வளவுக்கும் பிறகு நாள்காட்டி அப்படியே கிடந்தது. நிறுவனங்கள் தாமதமாக வந்தது உண்மை. ஆனால் தாமதம் அவர்களுடையது மட்டும்தானா? விண்ணப்பம் மாதக்கணக்கில் கிடக்கும். ஆய்வுக் குழு வருவதாகச் சொன்ன தேதியில் வராது. ஒரு குறைக்கு விளக்கம் அனுப்பினால் வேறொரு குறைக்குக் காரணம் கேட்கும் நோட்டீஸ் வரும். கல்வியாண்டு தொடங்கிய பிறகு அங்கீகார ஆணை வந்துசேரும். இடங்களைக் காலியாக வைத்திருக்க எந்த அறக்கட்டளைக்கு மனம் வரும்? சட்டத்தை மீறிய நிறுவனங்களோடு, சட்டத்தை மதித்துக் காத்திருந்து நஷ்டப்பட்டவையும் இருந்தன. இரண்டாவது வகை தீர்ப்புகளில் அதிகம் தென்படுவதில்லை. அவை வழக்குக்கே வராமல் சோர்ந்துபோயிருக்கும்.

2011 ஜனவரியில் ஸ்ரீ ஷியாம் வழக்கில், விண்ணப்பங்களைப் பரிசீலிக்கக் கடைசித் தேதி வைப்பது பாரபட்சம் என்ற ராஜஸ்தான் நிறுவனங்களின் வாதத்தை உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. தேதி வைக்காவிட்டால் எந்த ஆண்டுக்கு எத்தனை நிறுவனங்கள் என்ற கணக்கே வைக்க முடியாது. 2012 ஜனவரியில் மத்தியப் பிரதேசத்தின் ஆதர்ஷ் சிக்‌ஷா மகாவித்யாலயா வழக்கில், அங்கீகாரம், இணைவு இரண்டும் கையில் இல்லாமல் மாணவரைச் சேர்க்கக் கூடாது என்று மறுபடி சொன்னது.

உண்மையான திருப்பம் 2012 டிசம்பர் 13. உத்தரப் பிரதேசத்தின் மா வைஷ்ணோ தேவி மகிளா மகாவித்யாலயா வழக்கில் உச்ச நீதிமன்றம் அட்டவணையே போட்டுக் கொடுத்தது. அங்கீகாரம் தருவதானால் மார்ச் 3க்குள். இணைவு மே 10க்குள். அந்தத் தேதி தாண்டினால் அடுத்த கல்வியாண்டுக்குத்தான். கவுன்சில், மாநில அரசு, பல்கலைக்கழகம் யாருக்கும் விலக்கு இல்லை.

கொள்கை சொல்லிச் சொல்லி அடங்காத வழக்கத்தைத் தேதி ஓரளவு அடக்கியது. தேர்வுக்கு முந்தைய வாரத்தில் வரும் மனுவுக்கு இனி உயர் நீதிமன்றம் நீண்ட ஆய்வு செய்ய வேண்டியதில்லை. உங்கள் இணைவு ஆணையின் தேதி என்ன என்ற ஒரே கேள்வி போதும். இந்த எளிமைக்காகவே, இதற்கு முன் வந்த அரசியலமைப்புச் சட்டத் தீர்ப்புகளைவிட இதை நான் உயர்வாக மதிப்பேன். ஆனால் இதிலும் ஓர் ஓட்டை இருந்தது. மார்ச் 3க்குள் முடிவெடுக்க வேண்டிய மண்டலக் குழு முடிவெடுக்காவிட்டால் என்ன? தண்டனை கல்லூரிக்கு, ஓராண்டு. குழுவுக்கு ஒன்றும் இல்லை. எனவே மனு தாக்கலாகும் மாதம் மாறியது. ஏப்ரல், மே வாக்கில் வந்து கொண்டிருந்த தேர்வு மனுக்களின் இடத்தில், என் கோப்பை மார்ச் 3க்குள் பரிசீலிக்க உத்தரவிடுங்கள் என்ற மனுக்கள் பெருகின. இந்த வகை மனுவை நான் குறை சொல்லமாட்டேன். நேர்மையான மனு அது. பின்னால் ஒளிந்து நிற்க மாணவர் யாரும் இல்லை.

2014இன் விதிமுறைகள் பாதையை இன்னும் விரிவாக வகுத்தன. ஆன்லைன் விண்ணப்பம், மாநில அரசின் பரிந்துரைக்குக் காலக்கெடு, வீடியோவில் பதிவாகும் ஆய்வு, அதன் பிறகு எல்.ஓ.ஐ. என்று எல்லோரும் சொல்லும் உத்தேசக் கடிதம், பல்கலைக்கழகம் ஒப்புதல் தந்த ஆசிரியர் பட்டியல், 5 லட்சம் அறக்கட்டளை நிதி, 7 லட்சம் இருப்பு நிதி, கடைசியில் ஆணை. பி.எட். இரண்டு ஆண்டாயிற்று. ஓர் அலகுக்கு 50 மாணவர். 100 பேருக்கு முதல்வரையும் சேர்த்து 16 ஆசிரியர். இதில் வழக்காகும் இடம் பெரும்பாலும் ஆசிரியர் பட்டியல்தான். நிலமும் கட்டடமும் நகராது. வில்லங்கச் சான்றில் உள்ளது அடுத்த மாதமும் இருக்கும். ஆசிரியர்கள் ஆய்வு நாளில் இருந்துவிட்டு அடுத்த மாதம் காணாமல் போகக்கூடியவர்கள். சம்பளம் வங்கி வழியாகப் போனதா, பட்டியலில் உள்ளவரின் பெயர் வேறொரு கல்லூரியின் பட்டியலிலும் இருக்கிறதா என்று 17ஆவது பிரிவு நடவடிக்கைகளில் குடைவது இதனால்தான்.

2019: அரசுக்கு வந்தபோது

எழுதி முடித்துவிடலாம் என்று நினைக்கும்போது ஒரு திருத்தச் சட்டம் குறுக்கே வருகிறது.

1986 முதல் உச்ச நீதிமன்றம் கறாராகச் சொன்ன ஒன்று: அங்கீகாரம் பின்தேதியிட்டு வராது. சேர்ந்த நாளில் இல்லாத அங்கீகாரத்தைப் பிறகு உண்டாக்கி மாணவரைக் காப்பாற்ற முடியாது. 2019 ஜனவரியில் நாடாளுமன்றம் தேசிய ஆசிரியர் கல்விக் கவுன்சில் சட்டத்தைத் திருத்தியது. மத்திய, மாநில, யூனியன் பிரதேச அரசுகளின் நிதியில் இயங்கும் சில நிறுவனங்களும் பல்கலைக்கழகங்களும் கவுன்சிலின் அங்கீகாரம் பெறாமலேயே ஆசிரியர் கல்விப் படிப்புகளை நடத்தியிருந்தது தெரியவந்தது. அவற்றில் படித்தவர்களின் பட்டம் செல்லாது என்ற நிலை. அறிவிக்கை செய்யப்படும் அத்தகைய நிறுவனங்களுக்கு, 2017-18 கல்வியாண்டு வரை, பின்தேதியிட்டு அங்கீகாரம் தரலாம் என்றது திருத்தம்.

மாணவர்கள் மேல் தவறில்லை, அவர்கள் எதிர்காலம் பாழாகக் கூடாது என்பதே சொல்லப்பட்ட காரணம். 1991இல் சென்னை முழு அமர்வு சொன்னதும் அதே காரணம்தான். நீதிமன்றம் சட்டத்துக்கு எதிராக இரக்கம் காட்ட முடியாது, நாடாளுமன்றம் சட்டத்தையே மாற்றி இரக்கம் காட்டலாம் என்ற வேறுபாடு சட்டப்படி சரி. தனியார் நிறுவனத்தின் லாப நோக்கம் அரசுப் பல்கலைக்கழகத்துக்கு இல்லை என்பதும் சரி. ஆனால் மாணவரின் இடத்திலிருந்து பார்த்தால்? 1991இல் சான்றிதழ் இல்லாமல் வீடு திரும்பிய பெண்ணுக்கும், 2019இல் பட்டம் பிழைத்த இளைஞருக்கும் இடையே உள்ள வேறுபாடு, அவரவர் சேர்ந்த நிறுவனத்தின் உரிமையாளர் யார் என்பது மட்டும். அங்கீகாரமில்லாத இடத்தில் பயிற்சி பெற்றவரைப் பிள்ளைகள் மேல் அவிழ்த்துவிடக் கூடாது என்ற 1986இன் வாதம் இந்தத் திருத்த விவாதத்தில் எங்கே போனது என்று தேடினேன். தரமான அரசு நிறுவனங்கள்தானே என்ற பதில் உண்டு. தரத்தைத் தீர்மானிக்கத்தானே அங்கீகாரம் என்ற சட்டமே வந்தது?

இப்போது சண்டை அங்கீகாரத்தைப் பெறுவதிலிருந்து தக்கவைப்பதற்கு நகர்ந்திருக்கிறது. 2021-22, 2022-23 ஆண்டுகளுக்கான செயல்திறன் மதிப்பீட்டு அறிக்கையை எல்லா நிறுவனங்களும் இணையத்தில் பதிவேற்ற வேண்டும் என்று கவுன்சில் 2024இல் அறிவித்தது. பதிவேற்றாதவர்களுக்கு 17ஆவது பிரிவின் கீழ் நோட்டீஸ் போனது. அங்கீகாரம் திரும்பப் பெறும் ஆணைகளும் வந்தன. கல்லூரிகள் நீதிமன்றம் போயின. இன்னொரு பக்கம் 2030க்குள் ஆசிரியர் கல்வி பலதுறை நிறுவனங்களில்தான் நடக்க வேண்டும் என்கிறது 2020இன் கல்விக் கொள்கை. பி.எட். மட்டும் நடத்தும் கல்லூரி கலைக் கல்லூரியோடு சேர வேண்டும், அல்லது தானே கலைக் கல்லூரியாக வேண்டும். நிலம் 30 ஆண்டுக் குத்தகையில், மாணவர் 40 பேர், ஆசிரியர் பட்டியலில் 16 பெயர் என்று ஓடும் ஓர் ஊர்ப்புறக் கல்லூரி அதற்குள் என்ன செய்யும்? இப்போதைக்கு ஒரு வக்கீலைப் பார்க்கும். அந்த மனு எந்த மாதத்தில் தாக்கலாகிறது, அப்போது அந்தக் கல்லூரியின் வகுப்பறையில் முதலாண்டு மாணவர்கள் உட்கார்ந்திருக்கிறார்களா என்பதைத்தான் நான் பார்க்கப்போகிறேன்.